கணக்கில் வராத குழந்தையிலிருந்து தொடங்குங்கள்: ஒரு நாட்டின் கல்வி நிலையை எடைபோடும் வழி

பல நாடுகளின் பதினைந்து வயது மாணவர்களை ஒரே அளவுகோலில் அளக்கும் அனைத்துலகத் தேர்வு பீசா. 2012ஆம் ஆண்டு அதில் வியட்நாம் முதன்முறையாகக் கலந்துகொண்டது. கணிதத்தில் அந்நாட்டு மாணவர்கள் பெற்ற சராசரி 511 புள்ளி. தேர்வை நடத்தும் பொருளாதார ஒத்துழைப்பு மற்றும் வளர்ச்சி அமைப்பின் உறுப்பு நாடுகளுடைய சராசரியோ 494. தன்னைவிடப் பல மடங்கு செல்வம் படைத்த நாடுகளை ஒரு வளரும் நாடு முந்திவிட்டது என்று உலகமெங்கும் பேசப்பட்டது. அந்தப் பேச்சில் பொய் ஏதுமில்லை. ஆனால் அதே அறிக்கையின் அட்டவணைகளுக்குள் இன்னோர் எண்ணும் கிடந்தது: வியட்நாமின் பதினைந்து வயதினரில் சுமார் 56 விழுக்காட்டினர் மட்டுமே அந்தத் தேர்வின் வரம்புக்குள் வந்திருந்தார்கள். மீதிப் பேர் பள்ளியை விட்டுப் போனவர்கள், அல்லது தேர்வுக்கு உரிய வகுப்பை இன்னும் எட்டாதவர்கள். 511 என்ற எண்ணில் அவர்கள் யாரும் இல்லை.

ஒரு நாட்டின் கல்வி எப்படி இருக்கிறது என்று அறிய முற்படுபவர் முதலில் பழகிக்கொள்ள வேண்டியது இதைத்தான். எந்த எண்ணைக் கண்டாலும், இதில் யார் எண்ணப்படவில்லை என்று கேட்க வேண்டும். கட்டுரை எழுதும் மாணவருக்கும், செய்தியாளருக்கும், வேறொரு நாட்டுக்குக் குடிபெயரும் பெற்றோருக்கும், தேர்தல் வாக்குறுதிகளைச் சரிபார்க்க விரும்பும் வாக்காளருக்கும் இந்த வழிமுறை பயன்படும். பொதுவெளியில் இலவசமாகக் கிடைக்கும் விவரங்களும் இரண்டு வாரப் பொறுமையும் இருந்தால் போதும்.

எந்தக் கேள்வி, எந்த வயது

'கல்வி நிலை' என்று மொத்தமாக எதுவும் கிடையாது. தொடக்கக் கல்வியில் தடுமாறும் நாடு உலகின் சிறந்த பொறியாளர்களை உருவாக்கலாம். எல்லாக் குழந்தைகளையும் நன்றாகப் படிக்கவைக்கும் நாட்டில் பெயர்பெற்ற பல்கலைக்கழகம் ஒன்றுகூட இல்லாமல் இருக்கலாம். ஆகவே ஒரு வயதைத் தேர்ந்தெடுத்து அங்கிருந்து தொடங்குங்கள். என்னைக் கேட்டால் பத்து வயதைத்தான் சொல்வேன். அந்த வயதில் ஒரு குழந்தை எளிய பத்தி ஒன்றைத் தானே வாசித்துப் பொருள் புரிந்துகொள்ள முடியாவிட்டால், அதன்பிறகு வரும் அறிவியலும் வரலாறும் கணக்கும் அந்தக் குழந்தைக்கு மூடிய புத்தகங்களாகவே இருக்கும். பல்கலைக்கழகத் தரவரிசைகளை இந்தக் கட்டத்தில் ஒதுக்கிவிடுங்கள். அவை பெரும்பாலும் ஆய்வுக் கட்டுரைகளையும் நற்பெயரையும் அளப்பவை, வகுப்பறையை அல்ல.

அடுத்து, அந்த நாட்டின் கல்வி அமைப்பை ஒரு பக்கத்தில் வரைந்துகொள்ளுங்கள். கட்டாயக் கல்வி எந்த வயதில் தொடங்கி எந்த வயதில் முடிகிறது, பயிற்றுமொழி எது, தனியார் பள்ளிகளின் பங்கு எவ்வளவு, பொதுத்தேர்வு எந்த வகுப்பில் வருகிறது, மாணவர்களைத் தனித்தனிப் பாதைகளில் பிரிப்பது எப்போது என்பவை அந்தப் பக்கத்தில் இருக்க வேண்டும். ஜெர்மனியின் பெரும்பாலான மாநிலங்களில் நான்காம் வகுப்பு முடிந்தவுடனேயே மாணவர்கள் வெவ்வேறு வகைப் பள்ளிகளுக்குப் பிரிந்துவிடுகிறார்கள். பின்லாந்திலோ ஏழு வயதில் தொடங்கும் ஒன்பதாண்டுப் பொதுப்பள்ளி எல்லோருக்கும் ஒன்றே. இந்த வேறுபாடு தெரியாமல் இரு நாடுகளின் எட்டாம் வகுப்பு மதிப்பெண்களை அருகருகே வைத்தால் எதை ஒப்பிடுகிறோம் என்பதே தெரியாது. ஒரு நாட்டின் 'ஆறாம் வகுப்பு' மற்றொரு நாட்டில் எதற்கு இணை என்ற குழப்பத்துக்கு, யுனெஸ்கோவின் அனைத்துலகக் கல்விநிலை வகைப்பாடு உதவும். 2011இல் திருத்தப்பட்ட பதிப்பே இப்போது புழக்கத்தில் உள்ளது.

அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்பதையும் அதே பக்கத்தில் குறித்துக்கொள்ளுங்கள். கனடாவில் ஒன்றிய அளவில் கல்வி அமைச்சகமே கிடையாது. பள்ளிகள் மாகாணங்களின் பொறுப்பு. ஐக்கிய இராச்சியத்தில் இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வேல்ஸ், வட அயர்லாந்து ஆகிய நான்கும் தனித்தனிக் கல்வி முறைகளைக் கொண்டவை. இந்தியாவில் 1976இன் 42ஆவது அரசமைப்புத் திருத்தத்துக்குப் பிறகு கல்வி பொதுப்பட்டியலில் உள்ளது. இப்படிப்பட்ட நாடுகளில் தேசிய சராசரி என்பது பல வேறு நாடுகளின் சராசரியைப் போன்றது; அதை வைத்துக்கொண்டு யாரையும் பாராட்டவோ பழிக்கவோ இயலாது.

சேர்க்கை விகிதத்தை வாசிப்பது

அரசுகள் முதலில் நீட்டும் எண் சேர்க்கை விகிதம். அதிலேயே முதல் பொறி இருக்கிறது. மொத்தச் சேர்க்கை விகிதம் 115 விழுக்காடு என்று ஓர் அட்டவணையில் கண்டால் அச்சுப்பிழை என்று எண்ண வேண்டாம். தொடக்கப்பள்ளியில் படிக்கும் அனைவரையும், வயது எதுவாயினும், மேலே வைத்து, தொடக்கப்பள்ளி வயதிலுள்ள குழந்தைகளின் எண்ணிக்கையைக் கீழே வைத்து வகுப்பதால் வருவது அது. தாமதமாகச் சேர்ந்தவர்களும் தோற்று அதே வகுப்பில் மீண்டும் உட்கார்ந்தவர்களும் மேலே ஏறிவிடுகிறார்கள். ஆகவே நூறைத் தாண்டும் விகிதம் சில சமயம் வெற்றியின் அடையாளமன்று, தேக்கத்தின் அடையாளம். உரிய வயதினரை மட்டும் எண்ணும் நிகரச் சேர்க்கை விகிதத்தைத் தேடி எடுத்து அருகில் எழுதுங்கள். இரண்டுக்கும் இடையிலுள்ள தூரமே ஒரு செய்தி.

வகுக்கும் எண் எங்கிருந்து வந்தது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. ஒரு நாட்டில் எத்தனை குழந்தைகள் இருக்கிறார்கள் என்பது மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலிருந்தோ அதையொட்டிய மதிப்பீட்டிலிருந்தோ வருவது. லெபனானில் கடைசியாக முழுமையான கணக்கெடுப்பு நடந்தது 1932இல். இந்தியாவில் 2011க்குப் பிறகு 2021இல் நடந்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு உரிய காலத்தில் நடக்கவில்லை. கீழே இருக்கும் எண் பழையதாகவோ ஊகமாகவோ இருந்தால், மேலே இருக்கும் எண்ணைத் தசமப் புள்ளிவரை துல்லியமாகத் தருவதில் பொருளில்லை.

பள்ளிப் பதிவேட்டையும் வீட்டுக் கணக்கெடுப்பையும் எதிரெதிரே வைத்துப் பார்ப்பது நல்ல பழக்கம். தலைக்கு இவ்வளவு என்று மானியம் கிடைக்கும் இடத்தில் பதிவேடு வீங்கும். பெயர் இருக்கும், பிள்ளை இருக்காது. வீடு வீடாகச் சென்று கேட்கும் யுனிசெஃபின் பன்முகக் குறியீட்டுக் கணக்கெடுப்பு போன்றவற்றில் அந்தத் தூண்டுதல் இல்லை, ஆயினும் வெட்கத்தால் 'போகிறான்' என்று சொல்லும் பெற்றோர் அங்கும் உண்டு. இரண்டும் ஒத்துப்போனால் நம்பிக்கை கூடும். ஒத்துப்போகாவிட்டால் அந்த இடைவெளியை மறைக்காமல் எழுதுங்கள்.

சேர்ந்தவர்களைப் போலவே முடித்தவர்களையும் எண்ண வேண்டும். முதல் வகுப்பில் சேர்ந்த நூறு பேரில் கடைசி வகுப்பை முடித்தவர் எத்தனை என்ற கேள்விக்கு விடை எளிதில் கிடைக்காது. கிடைத்துவிட்டால் அது பத்து சேர்க்கைப் புள்ளிவிவரங்களுக்குச் சமம். மலாவி 1994இல் தொடக்கக் கல்விக் கட்டணத்தை நீக்கியபோது மாணவர் எண்ணிக்கை சுமார் 19 லட்சத்திலிருந்து ஒரே ஆண்டில் 30 லட்சத்தை ஒட்டி எகிறியது. கென்யாவில் 2003இல் அதே முடிவுக்குப் பிறகு சுமார் 59 லட்சம் 72 லட்சமாயிற்று. கட்டணம் எத்தனை குழந்தைகளை வெளியே நிறுத்தியிருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். எனினும் அந்த ஆண்டின் வரைபடத்தைப் பார்த்து மகிழ்ந்துவிட்டு நிற்பவர், ஒரே ஆசிரியருக்கு முன்னால் நூறு பேர் உட்கார்ந்த வகுப்பறையைப் பார்க்காமலேயே போய்விடுவார்.

எழுத்தறிவு விகிதத்துக்கு இங்கே ஒரே ஒரு குறிப்பு போதும். பல நாடுகளின் கணக்கெடுப்பில் அது வீட்டில் இருப்பவர் சொல்லும் விடை. யாரும் வாசித்துக் காட்டச் சொல்வதில்லை. வாக்கியம் அச்சிட்ட அட்டையைக் கையில் கொடுத்து வாசிக்கச் சொல்லும் மக்கள்தொகை மற்றும் உடல்நலக் கணக்கெடுப்புகளில்கூட, உயர்நிலைக் கல்வி வரை சென்றவருக்கு அந்தச் சோதனை இல்லாமலே எழுத்தறிவு உண்டு என்று வைத்துக்கொள்வது வழக்கமாக இருந்துவந்தது.

கற்றார்களா?

பணியின் பெரும்பகுதி இங்கேதான் இருக்கிறது. உலக வங்கி 2019இல் 'கற்றல் வறுமை' என்றொரு அளவையை முன்வைத்தது. பத்து வயதில் எளிய பத்தி ஒன்றை வாசித்துப் புரிந்துகொள்ள இயலாத குழந்தைகளின் விகிதம் அது. பள்ளிக்கே வராத குழந்தைகளையும் அது வாசிக்க இயலாதவர்களாகவே எண்ணுகிறது என்பதால்தான் எனக்கு அதன்மேல் மதிப்பு. குறைந்த, நடுத்தர வருவாய் நாடுகளில் அந்த விகிதம் 2019 நிலவரப்படி 57 விழுக்காடு என்றும், பெருந்தொற்றுக்குப் பிறகு 70 விழுக்காடு அளவுக்கு உயர்ந்திருக்கக்கூடும் என்றும் 2022இல் உலக வங்கி மதிப்பிட்டது. நீங்கள் ஆராயும் நாட்டுக்கு இந்த எண் இருந்தால் அதிலிருந்தே தொடங்கலாம்.

பிறகு, அந்த நாட்டில் என்னென்ன தேர்வுகள் நடக்கின்றன என்று பாருங்கள். பொதுத்தேர்வுத் தேர்ச்சி விகிதத்தை ஒருபோதும் முதல் சான்றாகக் கொள்ளாதீர்கள். வினாத்தாள் ஆண்டுக்காண்டு மாறுகிறது. அதன் கடினத்தைச் சமன்செய்யும் ஏற்பாடு பல நாடுகளில் இல்லை. தேர்ச்சிக் கோட்டையும் கருணை மதிப்பெண்ணையும் முடிவு செய்வது பெரும்பாலும் நிர்வாகம். எனவே தேர்ச்சி விகிதம் உயர்ந்தது என்பது மாணவர்கள் கூடுதலாகக் கற்றார்கள் என்பதையும் குறிக்கலாம், திருத்துபவர்களின் கை இளகியது என்பதையும் குறிக்கலாம். மாணவர்களைத் தரம் பிரிப்பதற்காகவன்றி, அமைப்பை அளப்பதற்காகவே நடத்தப்படும் மாதிரி அடிப்படையிலான அடைவுத் தேர்வுகளே உங்களுக்கு வேண்டியவை.

அனைத்துலக அளவில் மூன்றைத் தெரிந்துகொண்டால் போதும். பீசா 2000இல் தொடங்கியது; பதினைந்து வயதினரின் கணிதம், வாசிப்பு, அறிவியல் ஆகியவற்றை மூன்றாண்டுக்கு ஒருமுறை அளந்துவந்தது, 2025 சுற்றிலிருந்து நான்காண்டு இடைவெளிக்கு மாறியிருக்கிறது. டிம்ஸ் 1995 முதல் நான்காண்டுக்கு ஒருமுறை நான்காம், எட்டாம் வகுப்பு மாணவர்களின் கணிதத்தையும் அறிவியலையும் பார்க்கிறது. பேர்ல்ஸ் 2001 முதல் ஐந்தாண்டுக்கு ஒருமுறை நான்காம் வகுப்பினரின் வாசிப்பைப் பார்க்கிறது. பத்து வயதைத் தேர்ந்தெடுத்தவருக்கு மூன்றாவதே மிகவும் பயன்படும். தென்னாப்பிரிக்காவில் 2021 பேர்ல்ஸ் தேர்வு நாட்டின் அப்போதைய பதினோர் ஆட்சிமொழிகளிலும் நடத்தப்பட்டது. அப்படியிருந்தும் நான்காம் வகுப்பினரில் 81 விழுக்காட்டினர் பொருள் புரிந்து வாசிக்கும் குறைந்தபட்ச நிலையை எட்டவில்லை. 2016இல் அது 78 விழுக்காடாக இருந்தது. அந்நாட்டில் தொடக்கப்பள்ளி வயதுக் குழந்தைகளில் ஏறத்தாழ எல்லோரும் பள்ளியில்தான் இருக்கிறார்கள் என்பதை அருகில் வைத்துப் பார்த்தால், சேர்க்கையும் கற்றலும் எவ்வளவு தனித்தனியான சங்கதிகள் என்பது விளங்கும்.

இந்தத் தேர்வு முடிவுகளை வாசிக்கும்போது தரவரிசை எண்ணை மறந்துவிடுங்கள். பத்தாம் இடத்துக்கும் பதினைந்தாம் இடத்துக்கும் உள்ள வேறுபாடு பல நேரங்களில் பிழைவரம்புக்குள்ளேயே அடங்கிவிடும். மேலும், புதிதாக ஐந்து நாடுகள் சேர்ந்தால் ஒரு நாடு எதையும் இழக்காமலேயே ஐந்து இடம் கீழே இறங்கலாம். பார்க்க வேண்டியது புள்ளியையும் அது காலப்போக்கில் போகும் திசையையும்தான். பின்லாந்தின் பீசா கணிதச் சராசரி 2003இல் 544, 2022இல் 484. 2022இலும் அது, பீசாவை நடத்தும் அமைப்பின் உறுப்பு நாடுகளுடைய சராசரியான 472ஐவிட மேலேதான் இருந்தது; ஆனால் அறுபது புள்ளி இறக்கம் சிறியதன்று. ஓராண்டுப் படிப்பு ஏறத்தாழ இருபது புள்ளிக்குச் சமம் என்பது அந்த அமைப்பே பயன்படுத்தும் தோராயக் கணக்கு. 'உலகின் தலைசிறந்த கல்வி' என்று பின்லாந்தைக் குறித்து இன்றும் எழுதுபவர்கள் கையில் வைத்திருப்பது இருபதாண்டுக்கு முந்தைய அட்டவணை.

சராசரியைப் பார்த்த பிறகு அடித்தட்டைப் பாருங்கள். 2022 பீசாவில் உறுப்பு நாடுகளின் மாணவர்களிலேயே 31 விழுக்காட்டினர் கணிதத்தில் இரண்டாம் நிலையை, அதாவது அன்றாட வாழ்வுக்குத் தேவையான அடிப்படைத் திறனை, எட்டவில்லை. இரு நாடுகளின் சராசரி ஒன்றாக இருந்து, ஒன்றில் அடித்தட்டு 20 விழுக்காடாகவும் மற்றொன்றில் 35 விழுக்காடாகவும் இருந்தால் அவை ஒரே நிலையில் உள்ள நாடுகள் அல்ல. யார் பெயரில் தேர்வு நடந்தது என்பதையும் சரிபாருங்கள். 2018இல் எல்லோரையும் வியக்கவைத்த சீன முடிவுகள் பெய்ஜிங், ஷாங்காய், ஜியாங்சு, செஜியாங் என்ற நான்கு பகுதிகளுடையவை மட்டுமே.

அனைத்துலகத் தேர்வில் கலந்துகொள்ளாத நாடுகளுக்கு வேறு வழி உண்டு. இந்தியாவில் 2005இல் பிரதம் அமைப்பு தொடங்கிய ஏசர் கணக்கெடுப்பில் தன்னார்வலர்கள் வீட்டுக்கே சென்று, குழந்தையை அருகில் உட்கார வைத்து, இரண்டாம் வகுப்புத் தரத்திலான ஒரு பத்தியைச் சத்தமாக வாசிக்கச் சொல்கிறார்கள். முறை மிகவும் எளியது; அதனாலேயே வலியது. அரசுப் பள்ளிக் குழந்தை, தனியார் பள்ளிக் குழந்தை, பள்ளிக்கே போகாத குழந்தை என்று எவரும் விடுபடுவதில்லை. 2018இல் ஊரகப் பகுதிகளில் ஐந்தாம் வகுப்புக் குழந்தைகளில் சுமார் பாதிப் பேரே அந்தப் பத்தியை வாசித்தார்கள். பாகிஸ்தானும் கென்யா, தான்சானியா, உகாண்டா ஆகிய நாடுகளும் இதே வழியில் கணக்கெடுப்புகளை நடத்தியிருக்கின்றன. இவற்றில் பாடத்திட்டத்தின் ஆழம் தெரியாது, அது உண்மை. ஆனால் அடித்தளம் இருக்கிறதா இல்லையா என்பது தெரிந்துவிடும்.

கையில் சேர்ந்த எண்களை ஒன்றாக இணைக்க விரும்பினால், உலக வங்கியின் 'கற்றலுக்கு ஏற்பத் திருத்திய பள்ளி ஆண்டுகள்' என்ற கணக்கைப் பயன்படுத்தலாம். ஒரு குழந்தை எதிர்பார்க்கக்கூடிய பள்ளி ஆண்டுகளை, அந்நாட்டின் இணக்கப்படுத்திய (அதாவது வெவ்வேறு தேர்வுகளை ஒரே அளவுகோலுக்குக் கொண்டுவந்த) தேர்வுப் புள்ளியால் பெருக்கி, மிக உயர்ந்த அடைவைக் குறிக்கும் 625ஆல் வகுக்க வேண்டும். பத்தாண்டு பள்ளி, 400 புள்ளி என்றால் விடை 6.4. அதாவது நான்காண்டுக்கு நெருக்கமான காலம் வகுப்பறையில் கழிந்தும் கல்வியாகச் சேரவில்லை.

சராசரிக்குள் பிரிவுகள்

தேசிய எண் ஒவ்வொன்றையும் குறைந்தது நான்கு விதமாகப் பிளந்து பாருங்கள்: பெண்ணும் ஆணும், ஊரகமும் நகரமும், மிக ஏழையும் மிகச் செல்வரும், பயிற்றுமொழியை வீட்டில் பேசுபவரும் பேசாதவரும். கடைசியாகச் சொன்னதைத்தான் பெரும்பாலான அறிக்கைகள் விட்டுவிடுகின்றன. அறியாத மொழியில் முதல் வகுப்பைத் தொடங்கும் குழந்தை ஒரே நேரத்தில் எழுத்தையும் மொழியையும் கற்க வேண்டியிருக்கிறது. பின்னர் அது தேர்வில் பின்தங்கினால் பட்டியலில் 'கற்றல் குறைபாடு' என்றே பதிவாகும். மாற்றுத்திறன் கொண்ட குழந்தைகளின் விவரம் பல நாடுகளில் இருப்பதே இல்லை. இந்தப் பிரிவுகளுக்குத் தேவையான விவரங்களை யுனெஸ்கோவின் உலகக் கல்விச் சமத்துவமின்மைத் தரவுத்தளத்தில் நாடுவாரியாகப் பார்க்கலாம். மிக ஏழை வீட்டு ஊரகப் பெண்குழந்தையின் எண்ணை முதலில் தேடுங்கள். பல நாடுகளில் அந்த எண்ணே நாட்டின் உண்மையான எல்லைக்கோடு.

ஆசிரியர்கள்

ஆசிரியர்–மாணவர் விகிதம் 1:28 என்று இருந்தால் வகுப்பில் 28 பேர் உட்கார்ந்திருப்பதாக எண்ண வேண்டாம். நகரப் பள்ளியில் தேவைக்கு மேல் ஆசிரியர்கள், தொலைவிலுள்ள பள்ளியில் ஒருவரே என்றிருந்தாலும் சராசரி அழகாகவே வரும். ஓராசிரியர் பள்ளிகள் எத்தனை, காலிப் பணியிடங்கள் எத்தனை, ஒப்பந்த ஆசிரியர்களின் பங்கு எவ்வளவு என்ற மூன்றும் சேர்ந்தால்தான் படம் தெளியும்.

இருக்கும் ஆசிரியர் வகுப்பில் இருக்கிறாரா என்பது வேறு கேள்வி. வங்கதேசம், ஈக்வடார், இந்தியா, இந்தோனேசியா, பெரு, உகாண்டா ஆகிய ஆறு நாடுகளின் தொடக்கப்பள்ளிகளுக்கு முன்னறிவிப்பின்றிச் சென்று பார்த்த ஆய்வு ஒன்றின் முடிவுகள் 2006இல் வெளியாயின: சராசரியாக 19 விழுக்காட்டு ஆசிரியர்கள் பள்ளியில் இல்லை, இந்தியாவில் அது 25 விழுக்காடு. இதைப் படித்தவுடன் ஆசிரியர்களைத் திட்டுவது எளிது. அவர்கள் ஏன் இல்லை, அந்த நேரத்தில் எங்கே அனுப்பப்பட்டிருந்தார்கள், பள்ளிக்குப் பேருந்து இருக்கிறதா, வராவிட்டால் யார் கேட்பார்கள் என்று விசாரிப்பதே பயனுள்ளது.

ஊதியத்தை உயர்த்தினால் எல்லாம் சரியாகும் என்ற வாதத்தையும் சோதித்தே ஏற்க வேண்டும். இந்தோனேசியா 2005இன் சட்டத்தின்படி, சான்றிதழ் பெற்ற ஆசிரியர்களுக்கு அடிப்படை ஊதியத்துக்கு இணையான படியைக் கூடுதலாக வழங்கியது. அதைத் தொடர்ந்து நடந்த ஆய்வில், ஆசிரியர்களின் மனநிறைவும் பொருளாதார நிலையும் மேம்பட்டிருந்தன. இரண்டு, மூன்று ஆண்டுகளுக்குப் பிறகும் மாணவர்களின் கற்றலில் மாற்றம் காணப்படவில்லை. நல்ல ஊதியம் ஆசிரியருக்கு உரிய நீதி என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அதைக் கற்பித்தல் மேம்பட்டதற்கான சான்றாக அறிக்கையில் எழுத முடியாது.

பணம் எங்கே போகிறது

2015இன் இஞ்சியோன் பிரகடனம், நாடுகள் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் குறைந்தது 4 முதல் 6 விழுக்காட்டையோ பொதுச்செலவில் குறைந்தது 15 முதல் 20 விழுக்காட்டையோ, அல்லது இரண்டையுமோ, கல்விக்கு ஒதுக்க வேண்டும் என்கிறது. இந்த அளவுகோலை வைத்து ஒரு நாட்டைச் சோதிக்கலாம், மூன்று எச்சரிக்கைகளோடு. நிதிநிலை அறிக்கையில் ஒதுக்கிய தொகையை அல்லாமல், இரண்டாண்டு கழித்து வெளிவரும் உண்மைச் செலவை எடுங்கள். விழுக்காட்டோடு நிற்காமல் ஒரு குழந்தைக்கு எவ்வளவு என்று கணக்கிடுங்கள். மக்கள்தொகையில் பாதிப் பேர் குழந்தைகளாக இருக்கும் நாட்டின் 5 விழுக்காடும், முதியோர் நிறைந்த நாட்டின் 5 விழுக்காடும் ஒன்றல்ல. பல்கலைக்கழகத்துக்குப் போகும் பங்கையும் தொடக்கப்பள்ளிக்குப் போகும் பங்கையும் தனித்தனியே பிரியுங்கள், ஏனென்றால் பல்கலைக்கழகம் வரை வந்து சேர்பவர்கள் பெரும்பாலும் வசதி படைத்த வீட்டுப் பிள்ளைகள்.

அரசு செலவழிக்கும் பணத்தைவிடக் குடும்பங்கள் செலவழிக்கும் பணம்தான் சில நாடுகளில் அதிகம் பேசும். தென்கொரியாவில் பள்ளி மாணவர்களில் பத்தில் ஏறத்தாழ எட்டுப் பேர் தனிப்பயிற்சிக்குப் போகிறார்கள் என்பதை அந்நாட்டு அரசின் ஆண்டுக் கணக்கெடுப்பே சொல்கிறது. சீனா 2021 ஜூலையில், முதன்மைப் பாடங்களுக்கான தனிப்பயிற்சியை லாபத்துக்கு நடத்துவதைத் தடை செய்யும் அளவுக்கு அந்தச் சந்தை வளர்ந்திருந்தது. இத்தகைய நாடுகளின் தேர்வுப் புள்ளியைப் பள்ளிகளின் சாதனை என்று எழுதினால் பாதி உண்மைதான் எழுதியவர்களாவோம். கல்வி இலவசம் என்று சட்டம் சொல்லும் நாட்டில், சராசரிக் குடும்பம் மாத வருவாயில் எவ்வளவைப் பயிற்சி வகுப்புக்குக் கொடுக்கிறது என்று கேட்டுப் பாருங்கள். வீட்டுச் செலவுக் கணக்கெடுப்புகளில் விடை இருக்கும்.

கருவிகளுக்குச் செய்த செலவைக் கல்விக்குச் செய்த செலவாக எண்ணி மயங்க வேண்டாம். பெரு நாடு குழந்தைகளுக்கு லட்சக்கணக்கான மடிக்கணினிகளை வழங்கியது. 319 ஊரகப் பள்ளிகளில் நடந்த மதிப்பீட்டில், கணிதத்திலும் மொழியிலும் அவற்றால் விளைந்த முன்னேற்றத்துக்குச் சான்று கிடைக்கவில்லை.

நேரில் பார்ப்பது

வாய்ப்பிருந்தால் நான்கைந்து பள்ளிகளுக்காவது செல்லுங்கள். அதிகாரிகள் காட்டும் பள்ளியை நன்றியோடு பார்த்துவிட்டு, அதற்கு அடுத்த ஊரிலுள்ள பள்ளிக்கு அனுமதி கேளுங்கள். பதிவேட்டில் உள்ள எண்ணையும் வகுப்பில் உள்ள தலைகளையும் நீங்களே எண்ணுங்கள். மணி அடித்ததற்கும் பாடம் தொடங்கியதற்கும் இடையே எத்தனை நிமிடம் ஓடியது என்று குறியுங்கள். கழிப்பறை பூட்டியிருக்கிறதா, சாவி யாரிடம் இருக்கிறது என்று பாருங்கள்; பெண்குழந்தைகளின் வருகைப்பதிவுக்கு அந்தச் சாவியோடு தொடர்பு உண்டு.

எல்லாவற்றையும்விட அதிகம் சொல்வது நோட்டுப் புத்தகங்கள். அடுத்தடுத்து உட்கார்ந்திருக்கும் பத்துப் பேரின் நோட்டுகளை வாங்கிப் புரட்டினால், பத்திலும் ஒரே வாக்கியம், ஒரே இடத்தில் ஒரே பிழையோடு இருப்பதைக் காணலாம். கரும்பலகையில் இருந்ததை எழுத்தாக அல்லாமல் படமாகப் பார்த்து வரைந்திருக்கிறார்கள் என்று பொருள். சிவப்பு மையில் திருத்தம் கடைசியாக எந்தத் தேதியில் விழுந்தது, குழந்தை சொந்தமாக எழுதிய ஒரு வரியாவது இருக்கிறதா என்றும் பாருங்கள். பிறகு ஆசிரியரின் அனுமதியோடு, கடைசி வரிசையில் இருப்பவரை இன்னும் நடத்தாத பாடத்திலிருந்து இரண்டு வரி வாசிக்கச் சொல்லுங்கள். நடத்திய பாடம் மனப்பாடமாக வந்துவிடும், அது சோதனையாகாது. வாசிக்க முடியாமல் நிற்கும் குழந்தையை அங்கேயே நிறுத்திவைக்காமல் உடனே வேறு பேச்சுக்கு மாறிவிடுவது உங்கள் பொறுப்பு.

ஆசிரியரிடம் குறைகளைக் கேட்பதைவிட, நேற்று முழுநாள் என்னென்ன செய்தார் என்று மணி வாரியாகக் கேளுங்கள். படிவம் நிரப்பியது, கூட்டத்துக்குப் போனது, உணவுக் கணக்கு எழுதியது என்று அவரே பட்டியலிடுவார். ஐந்து பள்ளிகளை வைத்து நாட்டைப் பற்றித் தீர்ப்பெழுத முடியாது. ஆனால் அட்டவணையிலுள்ள எண்களை எப்படி வாசிப்பது என்பதை அந்த ஐந்து பள்ளிகள் கற்றுக்கொடுத்துவிடும்.

எழுதும்போது

காலத்தைக் கவனியுங்கள். பதினைந்து வயது மாணவரின் மதிப்பெண் பத்தாண்டுக் காலப் பள்ளிப் படிப்பின் விளைவு. பின்லாந்தை 2000இல் உலகறியச் செய்தது, 1970களில் அது மேற்கொண்ட பொதுப்பள்ளிச் சீர்திருத்தத்தோடு தொடங்கிய நீண்ட பணி. எனவே சென்ற ஆண்டு பதவியேற்ற அமைச்சரை இந்த ஆண்டு முடிவுக்காகப் புகழ்வதும் இகழ்வதும் பொருந்தாது. பெருந்தொற்றுக் காலத்தையும் தனியே குறித்துக்காட்டுங்கள்; 2020 மார்ச்சில் மூடிய உகாண்டாவின் பள்ளிகள் 2022 ஜனவரியில்தான் முழுமையாகத் திறந்தன. அதற்கு முந்தைய, பிந்தைய எண்களை ஒரே கோட்டில் இணைத்து வரைந்தால் படிப்பவர் தவறாகப் புரிந்துகொள்வார்.

திடீர் உயர்வுகளைக் கண்டால், அந்த எண்ணோடு யாருடைய ஊக்கத்தொகையோ பதவியோ கட்டப்பட்டிருந்ததா என்று விசாரியுங்கள். அமெரிக்காவின் அட்லாண்டா நகரப் பள்ளிகளில் தேர்வு மதிப்பெண்கள் வேகமாக உயர்ந்துவந்தன. 2011இல் வெளியான மாநில அரசின் விசாரணை அறிக்கை, 44 பள்ளிகளில் விடைத்தாள் முறைகேடு நடந்ததாகவும் 178 ஆசிரியர்களுக்கும் தலைமை ஆசிரியர்களுக்கும் அதில் தொடர்பு இருந்ததாகவும் கண்டறிந்தது.

ஒப்பீட்டுக்கு ஒத்த வருவாயும் ஒத்த அளவும் கொண்ட இரண்டு அல்லது மூன்று நாடுகளைத் தேர்ந்தெடுங்கள். சிங்கப்பூரோடு ஒப்பிட்டால் எல்லா நாடுகளும் தோற்றுப்போகும், அதனால் எதுவும் விளங்கப்போவதில்லை. முடிவை ஒரே மதிப்பெண்ணாகச் சுருக்காமல், ஒவ்வோர் எண்ணுக்கும் ஆண்டு, அளந்தவர், அளக்கப்பட்டவர், விடுபட்டவர் ஆகிய நான்கையும் சேர்த்தே எழுதுங்கள். 'வியட்நாம் கணிதத்தில் வளர்ந்த நாடுகளை முந்தியது' என்பதற்குப் பதிலாக, '2012இல் பள்ளியில் நீடித்திருந்த வியட்நாமின் பதினைந்து வயதினர், அதாவது அவ்வயதினரில் பாதிக்குச் சற்று அதிகமானோர், வளர்ந்த நாடுகளின் சராசரியைவிட 17 புள்ளி அதிகம் பெற்றார்கள்' என்று எழுதினால் வாக்கியம் நீளும், ஆனால் அதை யாரும் மறுக்க முடியாது.

கடைசியாக, அட்டவணையில் வெறுமையாக நிற்கும் கட்டங்களை நிரப்ப முயலாதீர்கள். அருகிலுள்ள ஆண்டின் எண்ணை இழுத்து வைப்பதும் அண்டை நாட்டின் சராசரியை இரவல் வாங்குவதும் வேண்டாம். இந்தியாவின் இரண்டு மாநிலங்கள் 2009 பீசா சுற்றில் கலந்துகொண்டன. பட்டியலின் அடிப்பகுதியில் இடம்பெற்றன. அதன்பின் 2012, 2015, 2018, 2022 ஆகிய எந்தச் சுற்றிலும் இந்தியா கலந்துகொள்ளவில்லை. அந்த நான்கு கட்டங்களிலும் 'பங்கேற்கவில்லை' என்று ஆண்டோடு எழுதி, அவற்றுக்கு முந்தைய கட்டத்தில் 2009இன் முடிவையும் எழுதி, அப்படியே அச்சுக்குக் கொடுங்கள்.